ராத்திரி பதினோரு மணிக்கு மேல்: வாசகர் கேள்வி பதில்

ராத்திரி நேர டிவி பற்றியும், தாமதத்தையே கதையாக வைத்துக்கொண்ட படங்கள் பற்றியும் கேளுங்கள் என்று போன இதழில் சொல்லியிருந்தேன். வந்த கேள்விகளில் பாதி சண்டை, கால்வாசி பழைய நினைவு, மீதி உருப்படியான கேள்வி. மூன்றிலும் கொஞ்சம் எடுத்திருக்கிறேன்.

அமெரிக்காவில் தினமும் ராத்திரி கோட்டு சூட்டு போட்ட ஒருவர் நின்றுகொண்டு ஜோக் அடிக்கிறார், பிறகு மேஜைக்குப் பின்னால் உட்கார்ந்து நடிகர்களிடம் கதையளக்கிறார். இதை ஏன் சார் நம்ம சேனல்கள் இன்னும் காப்பியடிக்கவில்லை? மற்றதையெல்லாம் அடித்துவிட்டார்களே?
– தூக்கம் வராதவன், திருச்சி

காப்பியடிக்க முயற்சி நடந்திருக்கிறது, ஆனால் அந்தச் செடி வேறு மண்ணில் முளைத்தது. அங்கே ராத்திரி 11 மணிக்கு ஒவ்வொரு ஊர் நிலையமும் அந்த ஊர்ச் செய்தியைப் போடும். அது முடிவது 11.35. அதற்கு மேல் பெரிய செலவில் நாடகம் எடுத்தால் கட்டுப்படியாகாது. அந்த இடத்தில் ஒரு மேஜை, ஒரு சோபா, ஒரு வாத்தியக் குழு, வாய் உள்ள ஒரு ஆள் போதும் என்று என்பிசி சேனல் கண்டுபிடித்தது. 1954இல் ஸ்டீவ் ஆலன் 'டுநைட் ஷோ'வைத் தொடங்கினார். 1962இல் ஜானி கார்சன் வந்து உட்கார்ந்து 1992 வரைக்கும் எழுந்திருக்கவில்லை. அன்றைய செய்தியைக் கேட்டு எரிச்சலோடு படுக்கப் போகிறவனிடம், அதே செய்தியைக் கிண்டலாக ஒருமுறை சொல்லி அனுப்பி வைக்கிற வேலை அது. முப்பது வருஷம் ஒரே முகத்தைப் பார்த்துவிட்டுத் தூங்கிய ஜனங்கள் இருக்கிறார்கள்.

நம் ஊரில் பத்தரை வரை சீரியல் ஓடுகிறது. அதற்கு மேல் விழித்திருப்பவர் யார் என்று சேனலுக்கு அக்கறை இல்லை, அந்த நேரத்தை யாருக்காவது விற்றுவிடுகிறார்கள் (கீழே வருகிறேன்). இன்னொரு காரணம் எல்லாருக்கும் தெரியும். அந்த வடிவத்தின் உயிரே ஆளுங்கட்சியை, அதுவும் பெயர் சொல்லி, தினமும் கிண்டலடிப்பது. இங்கே ஒரு வாரம் செய்து பாருங்கள். பிறகு அந்த சேனல் உங்கள் ஊர் கேபிளில் எத்தனையாவது எண்ணில் வருகிறது, வருகிறதா என்றே தேட வேண்டியிருக்கும்.

ஒரு சின்ன ரகசியம். பின்னால் நகர விளக்குகள் மின்ன, நடுராத்திரி போலத் தெரிகிற அந்த நிகழ்ச்சிகள் பெரும்பாலும் சாயங்காலம் ஐந்து, ஐந்தரைக்கே ஒளிப்பதிவாகிவிடும். தொகுப்பாளர் வீட்டுக்குப் போய் சாப்பிட்டுவிட்டு, வேண்டுமானால் தன்னையே டிவியில் பார்க்கலாம். உண்மையிலேயே ராத்திரி 11.30க்கு நேரலையில் போவது 'சாட்டர்டே நைட் லைவ்', 1975 அக்டோபரிலிருந்து.

ஒரு நிகழ்ச்சியை அரை மணி நேரம் தள்ளிப் போடுகிறோம் என்றதற்கு ஒரு தொகுப்பாளர் வேலையையே விட்டார் என்று படித்தேன். அரை மணி நேரத்தில் என்ன குடி முழுகிப் போகும்?
– ஓய்வு பெற்ற ரயில்வே ஊழியர், விழுப்புரம்

ரயில்வேக்காரர் கேட்கிற கேள்வியா இது! அரை மணி நேரத்தில் என்னவெல்லாம் தவறும் என்று உங்களுக்குத் தெரியாததா?

நடந்தது இதுதான். கோனன் ஓ'பிரையனுக்கு 2009இல் டுநைட் ஷோவைத் தருவதாக 2004லேயே வாக்குக் கொடுத்தது என்பிசி. கொடுத்தது. ஆனால் பழைய தொகுப்பாளர் ஜே லெனோ போட்டிச் சேனலுக்குப் போய்விடுவாரோ என்று பயந்து, அவருக்கு ராத்திரி பத்து மணிக்கு ஒரு நிகழ்ச்சியைத் தந்து உட்காரவைத்தது. அது எடுபடவில்லை. பத்து மணிக்கு ஆளில்லை என்றால் அதற்குப் பின்னால் வரும் 11 மணி ஊர்ச் செய்திக்கும் ஆளில்லை. ஊர் நிலையங்கள் கத்த ஆரம்பித்தன. 2010 ஜனவரியில் சேனல் ஒரு யோசனை சொன்னது: லெனோ 11.35க்கு அரை மணி நேரம் வருவார், கோனன் 12.05க்குத் தொடங்கட்டும். கோனன் 'பூமியில் வாழும் மக்களே' என்று ஆரம்பித்து ஒரு பகிரங்கக் கடிதம் எழுதினார். அறுபது வருஷமாக ஊர்ச் செய்தி முடிந்த கையோடு வந்த நிகழ்ச்சியை மறுநாளுக்குள் தள்ளினால் அதை அழித்ததாகத்தான் ஆகும், அதற்கு நான் துணை போக மாட்டேன் என்பது கடிதத்தின் சாரம். ஏறக்குறைய 45 மில்லியன் டாலர் ஒப்பந்தத்தில், அதில் ஒரு பங்கு அவருடைய ஊழியர்களுக்கு என்று, ஜனவரி 22ஆம் தேதி வெளியேறினார். மார்ச் மாதம் லெனோ திரும்பி வந்து அதே நாற்காலியில் உட்கார்ந்தார்.

என்னைக் கேட்டால் கோனன் செய்தது சரி. 11.35க்கு டிவி போடுபவன் தூங்கப் போகிறவன், 12.05க்குப் போடுபவன் தூக்கம் வராதவன். இரண்டும் வேறு வேறு கூட்டம், வேறு வேறு மனநிலை. இவருக்குச் சொல்கிற ஜோக்கை அவருக்குச் சொல்ல முடியாது.

அந்த வகை நிகழ்ச்சிகளின் காலம் முடிந்துவிட்டதா?
– கல்லூரி மாணவி, நாகர்கோவில்

முடிந்துகொண்டிருக்கிறது. ஸ்டீபன் கோல்பேர் நடத்திய 'லேட் ஷோ'வை 2026 மே மாதத்தோடு நிறுத்தப் போவதாக சிபிஎஸ் சேனல் 2025 ஜூலையில் அறிவித்தது. காரணம் பணம்தான் என்றார்கள். அதிபர் டிரம்ப் போட்ட வழக்கில் தாய் நிறுவனம் 16 மில்லியன் டாலர் கொடுத்துச் சமரசம் செய்துகொண்டதை கோல்பேர் மேடையிலேயே லஞ்சம் என்று சொல்லி சில நாள்தான் ஆகியிருந்தது என்பதால் பலர் அதை நம்பவில்லை. இரண்டும் காரணமாக இருக்கலாம். உங்கள் வயதில் இருப்பவர்கள் யாரும் 11.35 வரை காத்திருப்பதில்லை, மறுநாள் காலை பல் தேய்த்துக்கொண்டே நாலு நிமிஷத் துண்டை போனில் பார்க்கிறீர்கள். அந்த நாலு நிமிஷத்துக்கு வருகிற விளம்பரக் காசில் வாத்தியக் குழுவுக்குச் சம்பளம் போட முடியாது.

ராத்திரி டிவி என்றதும் எனக்கு நினைவு வருவது 1986 உலகக் கோப்பை கால்பந்துதான். தெருவில் ஒரே டிவி, அத்தனை பேரும் விழித்திருந்தோம். அதைப் பற்றி ஒரு வார்த்தை எழுதுங்களேன்.
– மரடோனா ரசிகன், வியாசர்பாடி

ஒரு வார்த்தை போதாது. நம் நாட்டில் ஜனங்களை முதலில் நடுராத்திரி வரை உட்காரவைத்தது சினிமாவோ அரட்டையோ இல்லை, மெக்சிகோவின் கடிகாரம்தான். ஐரோப்பாவில் இருப்பவர்கள் சாயங்காலம் பார்ப்பதற்கு வசதியாக, அந்த வெயிலில் உச்சி நேரம் 12 மணிக்கு ஆட்டத்தை வைத்தார்கள். வீரர்கள் வாடினார்கள். மெக்சிகோவில் பகல் 12 என்றால் நமக்கு ராத்திரி 11.30. சாயங்கால ஆட்டம் என்றால் விடிகாலை 3.30.

ஜூன் 22, அர்ஜென்டினா-இங்கிலாந்து காலிறுதி. கணக்குப் போட்டுப் பாருங்கள். முதல் பாதி, இடைவேளை எல்லாம் கழித்து 51ஆவது நிமிஷத்தில் மரடோனா கையால் தட்டி கோல் போட்டபோது நம் ஊரில் பன்னிரண்டரை தாண்டியிருக்கும். நாலே நிமிஷம் கழித்து பாதி மைதானத்தை ஓடிக் கடந்து இன்னொரு கோல். அந்த நாலு நிமிஷத்துக்குள் கண்ணசந்தவர்கள் எத்தனை பேரோ! சாலிடர், டயனோரா பெட்டிக்கு முன்னால் பாயில் உட்கார்ந்து, வீட்டுக்காரர் முகம் சுளிக்கக் கூடாதே என்று கத்தாமல் கையை மட்டும் தூக்கிக் குதித்த கூட்டம் அது. இன்றைக்கும் வியாசர்பாடி தெருக்களில் பந்து விளையாடும் பையன்களின் அப்பாக்களைக் கேளுங்கள், 'அன்னைக்கு ராத்திரி' என்றுதான் ஆரம்பிப்பார்கள்.

சென்னை தொலைக்காட்சி 1975 ஆகஸ்ட் 15இல் தொடங்கியது. அதன் ஆரம்ப வருஷங்களில் ராத்திரி ஒளிபரப்பை முடித்துக்கொண்டு நிலையமே தூங்கப் போய்விடும். பெட்டியில் வெறும் புள்ளிதான் ஆடும். இருபத்து நாலு மணி நேரமும் எதையாவது ஓட்டியாக வேண்டும் என்கிற வியாதி தனியார் சேனல்களுக்குப் பிறகு வந்தது.

அண்ணே, கோவிச்சுக்காதீங்க. அந்த 'மிட்நைட் மசாலா' எங்கே போச்சு?
– பெயர் வேண்டாம், ஈரோடு

பெயர் வேண்டாம் என்றதிலேயே வயது தெரிந்துவிட்டது தம்பி.

உண்மையைச் சொன்னால் அதில் பெரிதாக ஒன்றுமே இருந்ததில்லை. பழைய படங்களின் மழைப்பாட்டு, நீச்சல்குளப் பாட்டு, கிளப் டான்ஸ். அதே பாட்டை ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் குடும்பத்தோடு போட்டபோது யாரும் வாய் திறக்கவில்லை. பன்னிரண்டு மணிக்குப் போட்டதும் அது தப்பான காரியமாக ஆகிவிட்டது! ரிமோட்டில் சத்தத்தைப் பூஜ்யத்துக்குக் கொண்டுவந்து, ஒரு கட்டைவிரலைத் தயாராக அடுத்த சேனல் பொத்தானில் வைத்துக்கொண்டு, பக்கத்து அறையில் அப்பா இருமினால் உடனே செய்திக்குத் தாவுகிற அந்தப் பதற்றம்தான் மசாலா. நேரம் செய்த வேலை அது, பாட்டு செய்ததில்லை.

போனதற்குக் காரணம் இரண்டு. 2006இல் கேபிள் டிவி விதிகளைத் திருத்தி, 'ஏ' சான்றிதழ் வாங்கிய படங்களை எந்த நேரத்திலும் டிவியில் போடக் கூடாது, யு அல்லது யு/ஏ ஆக இருக்க வேண்டும் என்று கறாராக்கினார்கள். இங்கிலாந்தில் ராத்திரி 9 மணி என்று ஒரு கோடு வைத்து, அதற்கு மேல் பெரியவர்கள் பாடு என்று விட்டுவிடுகிறார்கள். நாம் கோட்டையே அழித்துவிட்டோம். இரண்டாவது காரணம் உங்கள் சட்டைப் பையில் இருக்கிறது.

நள்ளிரவில் டிவி போட்டால் எந்த சேனலிலும் ஒரு வைத்தியர், ஒரு ராசிக்கல்காரர், இல்லாவிட்டால் மனை விற்பவர். இவர்களை யார் உட்காரவைக்கிறார்கள்? யார் பார்க்கிறார்கள்?
– கைக்குழந்தையின் அம்மா, கோவை

நீங்கள் பார்க்கிறீர்களே அம்மா! குழந்தைக்குப் பால் கொடுக்கிறவர்கள், இரவுக் காவலாளிகள், ஆஸ்பத்திரி வார்டில் துணைக்கு இருப்பவர்கள், மூட்டுவலிக்காரர்கள். அந்த வைத்தியருக்கு இது தெரியும். மூட்டு வலிக்கிறவன்தான் இரண்டு மணிக்கு விழித்திருப்பான், அவனிடம்தான் மூட்டு எண்ணெய் விற்க முடியும். இதைவிடக் குறி வைத்து அடிக்கிற விளம்பரம் உலகத்தில் கிடையாது.

அவர்களை யாரும் உட்காரவைக்கவில்லை, அவர்களே காசு கொடுத்து உட்காருகிறார்கள். அரை மணி நேர ஸ்லாட்டை சேனலிடம் மொத்தமாக வாங்கிவிடுவார்கள். நடுவில் கேள்வி கேட்கிற அந்தப் பெண் தொகுப்பாளர், 'அப்படியா டாக்டர்!' என்று வியப்பது எல்லாம் அந்த விலைக்குள் அடக்கம். நேரலை மாதிரி தொலைபேசி மணி அடிக்கும், ஒரு ஆள் பேசுவார், அவருக்கு நோய் குணமாகி மூன்று மாதம் ஆகியிருக்கும். கீழே எண் ஓடிக்கொண்டே இருக்கும்.

இவர்களுக்கு முன்னால் வேறொரு கூட்டம் இருந்தது, நினைவிருக்கிறதா? இரண்டு நடிகர்களின் முகத்தைப் பாதிப் பாதி வெட்டி ஒட்டி வைத்து, 'இவர் யார் என்று சொல்லுங்கள், பத்தாயிரம் ரூபாய் காத்திருக்கிறது' என்று ஒரு பெண் மணிக்கணக்கில் கெஞ்சுவார். எட்டாம் வகுப்புப் பையனுக்குத் தெரிகிற விடையை அழைப்பவர்கள் வரிசையாகத் தப்பாகச் சொல்வார்கள். உங்கள் அழைப்போ காத்திருப்பிலேயே இருக்கும், நிமிஷத்துக்கு இவ்வளவு என்று கட்டணம் ஏறும். ராத்திரி டிவியில் எனக்கு உண்மையிலேயே கோபம் வந்தது அதைப் பார்த்துதான். மசாலாவைத் தடுத்தவர்கள் இதற்கு அவ்வளவு அவசரப்படவில்லை.

சரி, படங்களுக்கு வருவோம். தமிழில் தாமதம் பற்றிய சிறந்த படம் எது? ஒன்றுதான் சொல்ல வேண்டும்.
– சினிமா சங்க உறுப்பினர், புதுச்சேரி

'மூன்றாம் பிறை'. யோசிக்கவே வேண்டாம்.

1982இல் பாலு மகேந்திரா எடுத்தது. விபத்தில் நினைவை இழந்து குழந்தையாகிவிட்ட பெண்ணை சீனு என்கிற பள்ளிக்கூட வாத்தியார் ஊட்டிப் பக்கம் வீட்டில் வைத்துப் பார்த்துக்கொள்கிறார். கடைசியில் அவளுக்குச் சிகிச்சை நடக்கிறது, பெற்றோர் வந்துவிடுகிறார்கள், போலீஸும் வந்திருக்கிறது. போலீஸுக்குப் பயந்து சீனு ஒதுங்கி நிற்கிறான். அந்தக் கொஞ்ச நேரம்தான் படம். அவள் கண் விழிக்கும்போது அவன் அங்கே இல்லை. கார் கிளம்பிவிட்டது, பின்னால் ஓடுகிறான், விழுகிறான், அடிபட்டு, நொண்டிக்கொண்டு கேத்தி ரயில் நிலையத்துக்கு வந்து சேர்கிறான். மழை.

இங்கேதான் கவனிக்க வேண்டும். அவன் நேரத்துக்கு வந்துவிட்டான்! ரயில் நிற்கிறது, ஜன்னலோரம் அவள் இருக்கிறாள், முகத்துக்கு முகம் பார்க்க முடிகிறது. வேறு எந்த இயக்குநராக இருந்தாலும் ரயிலைக் கிளப்பிவிட்டு, இவனைக் காலியான பிளாட்பாரத்தில் நிறுத்தி அழவைத்திருப்பார். பாலு மகேந்திரா ரயிலை நிறுத்தி வைத்துவிட்டு, தாமதத்தை அவள் தலைக்குள் வைத்தார். அவளுக்கு நினைவு திரும்பிவிட்டது, அதனாலேயே இவன் நினைவில் இல்லை. தலையில் பாத்திரத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு, குரங்காட்டம் ஆடிக்காட்டுகிறான், இருவருமாக வீட்டில் விளையாடிய விளையாட்டு. அவளுக்கோ யாரோ பிச்சைக்காரனோ பைத்தியமோ என்றுதான் தோன்றுகிறது. ரயில் நகரும்போது நமக்குத் தெரிகிறது, அவன் ஒரு காலைப்பொழுது தாமதமாக வந்தவன், ரயிலுக்குத் தாமதமாக வந்தவன் இல்லை. கமலுக்கு தேசிய விருது, பாலு மகேந்திராவுக்கு ஒளிப்பதிவுக்காக இன்னொன்று. அதற்குமேல் என்ன சொல்ல.

இன்னொன்று. 'கண்ணே கலைமானே' பாட்டை எழுதிய கண்ணதாசன் 1981 அக்டோபரில் போய்விட்டார், படம் வெளியானது 1982 பிப்ரவரியில். தாலாட்டைக் கேட்டு ஊரே உருகியபோது எழுதியவர் இல்லை.

போலீஸ் ஏன் எப்போதும் கிளைமாக்ஸ் முடிந்த பிறகே வருகிறது?
– அதே சங்கத்தின் இன்னொரு உறுப்பினர், புதுச்சேரி

முன்னாடியே வந்தால் ஹீரோவுக்குச் சண்டை மாஸ்டர் எதற்கு? வில்லனை அடித்துத் துவைத்து, துப்பாக்கியைத் தூக்கும் நொடியில் 'சட்டத்தை உங்க கையில எடுத்துக்காதீங்க' என்று சொல்வதற்கு ஒரு ஆள் வேண்டும், அவ்வளவுதான். ஹீரோ சரியாகக் கடைசி நொடியில் வந்து காப்பாற்றும் வித்தையோ 1909, 1911 வாக்கிலேயே அமெரிக்க இயக்குநர் டி.டபிள்யூ.கிரிஃபித் தன் குறும்படங்களில் பழக்கிவிட்டது. இங்கே ஆபத்து, அங்கே ஓடிவரும் ஆள், மறுபடி இங்கே, மறுபடி அங்கே என்று மாற்றி மாற்றி வெட்டுவார். நூறு வருஷத்துக்கு மேலாக அதையேதான் பார்க்கிறோம், இன்னும் நகத்தைக் கடிக்கிறோம்.

'96' படத்தை ஏன் இவ்வளவு தூக்கி வைத்துக் கொண்டாடுகிறார்கள்? இருபத்திரண்டு வருஷம் கழித்து ராத்திரி முழுக்கப் பேசிவிட்டு ஒன்றுமே நடக்காமல் விமானம் ஏறிப் போய்விடுகிறார். இதற்கு ஒரு படமா?
– ஆத்திரம் அடங்காதவள், தஞ்சாவூர்

தஞ்சாவூரிலிருந்து இப்படி ஒரு கேள்வியா! அந்தப் பள்ளிக்கூடமே உங்கள் ஊர்தானே தாயே.

ஒன்றும் நடக்கவில்லை என்று சொல்வது சரிதான். ஆனால் விமான நேரம் என்று ஒன்று முதலிலேயே நமக்குச் சொல்லப்பட்டுவிடுகிறது பாருங்கள், அதனால் ஒவ்வொரு டீயும் ஒவ்வொரு மெட்ரோ பயணமும் கழித்தல் கணக்காக ஆகிவிடுகிறது. பள்ளிக்கூடக் காதலி ஜானுவைத் தேடி ராம் கல்லூரி வரை வந்ததும், வேறு யாரோ என்று நினைத்து ஜானு பார்க்க மறுத்ததும் தெரியவரும் இடத்தில், இருபத்திரண்டு வருஷத் தாமதத்துக்குக் காரணம் ஒரு சாதாரணக் குளறுபடி என்று ஆகிறது. விதி கிதி என்றெல்லாம் சொல்லித் தப்பிக்க முடியாது. அதைவிட எனக்குப் பிடித்த இடம் ராமுடைய மாணவிகளிடம் ஜானு சொல்லும் பொய்க் கதை. கல்லூரியில் சந்தித்தோம், சேர்ந்தோம் என்று, நேரத்துக்கு நடந்திருந்தால் எப்படி இருந்திருக்குமோ அதை நடந்ததுபோலவே சொல்லிவிடுகிறார். பக்கத்தில் ராம் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். அந்தக் காட்சிக்காக மற்ற வழவழாக்களை மன்னிக்கலாம்.

வேடிக்கை என்னவென்றால், இவ்வளவு காத்திருப்பைப் பற்றிய படம் 2018 அக்டோபர் 4ஆம் தேதி திரைக்கு வந்து, தியேட்டரில் ஓடிக்கொண்டிருக்கும்போதே நவம்பரில் தீபாவளிக்கு டிவியில் வந்துவிட்டது. கொஞ்சம் தள்ளிப் போடக் கூடாதா என்று த்ரிஷாவே பொதுவில் கேட்டுப் பார்த்தார்.

வயதான பிறகு வரும் காதல் பற்றி எதுவும் சொல்லவில்லையே?
– பேரன் பேத்தி எடுத்தவர், மன்னார்குடி

'முதல் மரியாதை'தான், வேறென்ன. 1985. படம் முழுவதுமே ஒரு காத்திருப்புக்குள் வைத்துச் சொல்லப்பட்டிருக்கிறது. மலைச்சாமி சாகக் கிடக்கிறார், மூச்சு போக மாட்டேன் என்கிறது, அவள் வர வேண்டும். குயில் என்கிற அந்தப் பெண் சிறையிலிருந்து வர வேண்டியிருக்கிறது. ஊரே 'இன்னும் எதுக்கு இழுத்துக்கிட்டு இருக்கு' என்று பார்க்கும் அந்தப் பார்வையை பாரதிராஜா விடாமல் காட்டுவார். கிராமத்தில் உயிர் இழுத்துக்கொண்டிருந்த வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்தவர்களுக்கு அது எவ்வளவு நிஜம் என்று தெரியும்.

வெளிநாட்டுப் படத்தில் நம் வீட்டுக் கதை மாதிரி இருப்பது ஏதாவது? பெண்ணுக்கு வயது ஏறுகிறது, கல்யாணம் தள்ளிப் போகிறது... என் வீட்டு நிலைமை, வேறென்ன.
– ஒரு அப்பா, கும்பகோணம்

யசுஜிரோ ஓசுவின் 'லேட் ஸ்பிரிங்' பாருங்கள், 1949, ஜப்பான். மனைவியை இழந்த பேராசிரியர், இருபத்தேழு வயது மகள். அப்பாவை யார் பார்த்துக்கொள்வார் என்று மகள் கல்யாணமே வேண்டாம் என்கிறாள். அத்தை ஒருத்தி இருக்கிறாள், நம் ஊர் அத்தைதான், விட மாட்டாள். கடைசியில் அப்பா ஒரு பொய் சொல்கிறார்: நான் மறுபடி கல்யாணம் செய்துகொள்ளப் போகிறேன். மகளுக்கு அது தாங்கவில்லை, ஆனால் சம்மதிக்கிறாள். கல்யாணம் முடிந்து வீட்டுக்குத் திரும்பி, தனியாக உட்கார்ந்து ஒரு ஆப்பிளைத் தோல் சீவுகிறார். தோல் நீளமாகத் தொங்கி விழுகிறது, கை நிற்கிறது, தலை கவிழ்கிறது. கண்ணீரைக் காட்டவே இல்லை.

பதினோரு வருஷம் கழித்து 1960இல் ஓசு 'லேட் ஆட்டம்' (Late Autumn) எடுத்தார். அதே கதைதான், அப்பாவுக்குப் பதில் அம்மா. அந்த அம்மாவாக நடித்தவர், முதல் படத்தில் மகளாக நடித்த அதே செட்சுகோ ஹாரா. இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால் அந்த முகத்துக்கு நேர்ந்ததே ஒரு கதை.

உங்கள் மகளோடு சேர்ந்து பார்க்காதீர்கள், தனியாகப் பாருங்கள். அவரைப் பார்க்கவைத்தால் குறிப்பால் சொல்கிறீர்கள் என்று நினைப்பார்.

என் மாமனார் எந்தக் கல்யாணத்துக்கும் முகூர்த்தத்துக்கு ஒரு மணி நேரம் முன்னால் போய் முதல் வரிசையில் உட்காருகிறவர். நான் ஐந்து நிமிஷம் தாமதமானாலும் மாப்பிள்ளை என்றுகூடப் பார்க்காமல் முகத்தைத் திருப்பிக்கொள்கிறார். அவருக்கு என்ன படம் காட்டலாம்?
– மாப்பிள்ளை, காரைக்குடி

காரைக்குடியில் மாப்பிள்ளைக்கே இந்தக் கதியா! 'கிளாக்வைஸ்' காட்டுங்கள், 1986, ஜான் கிளீஸ். நேரம் தவறாத ஒரு தலைமை ஆசிரியர். மாணவர்கள் ஒரு நிமிஷம் தாமதமாக வந்தாலும் தொலைந்தார்கள். தலைமை ஆசிரியர்கள் மாநாட்டுக்கு உரையாற்றக் கிளம்புகிறார், தவறான ரயிலில் ஏறிவிடுகிறார். அவ்வளவுதான், அதற்கு மேல் அந்த மனிதர் படுகிற பாடு. மாமா சிரிக்கிறாரா, இன்னும் முறைக்கிறாரா என்று எனக்கு எழுதிப் போடுங்கள்.

ராத்திரி நேரத் தொகுப்பாளர்களைப் பற்றியே எடுத்த படங்கள்?
– உதவி இயக்குநர், வளசரவாக்கம்

மூன்று சொல்கிறேன். மார்ட்டின் ஸ்கார்செசியின் 'தி கிங் ஆஃப் காமெடி'. ஒரு தடவை அந்த மேடையில் நிற்க வேண்டும் என்பதற்காகத் தொகுப்பாளரையே கடத்திக்கொண்டு போகும் வெறியனாக ராபர்ட் டி நீரோ. கடத்தப்படுபவர் ஜெர்ரி லூயிஸ், சிரிக்கவைத்தே வாழ்ந்த அந்த மனிதர் இதில் ஒரு தடவைகூடச் சிரிக்க மாட்டார். வெளிவந்தபோது ஓடவில்லை, இன்றைய யூடியூப் காலத்தில் பார்த்தால் உடம்பு கூசுகிறது. 2019இல் வந்த 'லேட் நைட்', எம்மா தாம்ஸன் மவுசு குறைந்துபோன தொகுப்பாளராக, எழுத்தாளர் அறையில் ஆண்களுக்கு நடுவே வந்து சேரும் ஒரே பெண்ணாக மிண்டி கேலிங். கதை வசனமும் அவருடையதே. அவர் முழுப் பெயர் வேரா மிண்டி சொக்கலிங்கம், அப்பா தமிழர். ஆனால் படத்தில் பாத்திரத்துக்கு 'பட்டேல்' என்று வைத்திருக்கிறார், சொக்கலிங்கத்தை அமெரிக்க வாய்க்குள் நுழைக்க முடியாது என்று நினைத்தாரோ என்னவோ. மூன்றாவது 'லேட் நைட் வித் த டெவில்', 1977இல் ஒளிபரப்பான ஒரு நிகழ்ச்சியின் பதிவைப் பார்ப்பது போலவே எடுத்த பேய்ப்படம். அமெரிக்காவில் நடப்பதாகக் கதை, எடுத்தது ஆஸ்திரேலியச் சகோதரர்கள். விளம்பர இடைவேளையில் கேமராவுக்குப் பின்னால் நடப்பவைதான் பயமுறுத்தும்.

தாமதமாக வந்த படம் எதுவும் ஜெயித்திருக்கிறதா? பெட்டிக்குள் கிடந்தது கிடந்ததுதான் என்பார்களே.
– விநியோகஸ்தர் வீட்டுப் பையன், சேலம்

'மத கஜ ராஜா'! 2013 பொங்கலுக்கு வர வேண்டியது, 2025 பொங்கலுக்கு வந்தது. சுந்தர்.சி, விஷால். பன்னிரண்டு வருஷம் கடன் பிரச்சினையில் கிடந்ததை யாரும் எதிர்பார்க்காமல் தூக்கிப் போட்டார்கள், அந்தப் பொங்கலில் பெரிய படங்களைத் தாண்டி ஓடியது. ஹீரோவாகி எங்கோ போய்விட்ட சந்தானம், அதில் பழையபடி காமெடியனாக நண்பனைக் கலாய்த்துக்கொண்டிருந்தார். ஜனங்கள் விசில் அடித்தது பாதி அவருக்கு, பாதி தங்கள் 2012ஆம் வருஷத்துக்கு. மனோபாலா பிணமாகக் கிடக்க, மற்றவர்கள் அவரைச் சுற்றி அடிக்கிற கூத்துதான் படத்திலேயே பெரிய சிரிப்பு. மனோபாலா 2023 மே மாதமே இறந்துவிட்டார். தியேட்டரில் எல்லோருக்கும் அது தெரியும், தெரிந்துதான் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அவருக்கும் அது பிடித்திருக்கும்.

எனக்குக் காலை ஆறு மணி ஷிஃப்ட். மாமியார் சீரியல் முடித்து ரிமோட் கைக்கு வரும்போது மணி பத்தரை. சீக்கிரம் முடியக்கூடிய, தாமதம் பற்றிய படமாகச் சொல்லுங்கள்.
– பின்னலாடை ஆலை ஊழியர், திருப்பூர்

சத்யஜித் ராயின் 'காபுருஷ்', 1965, 74 நிமிஷம்தான். கார் பழுதாகி ஒரு தேயிலைத் தோட்டக்காரர் வீட்டில் ராத்திரி தங்குகிற எழுத்தாளர், அந்த வீட்டு மனைவி இவர் கல்லூரிக் காலத்தில் தைரியமில்லாமல் கைவிட்ட பெண். இப்போதாவது வா என்கிறார். அவள் ரயில் நிலையத்துக்கு வருகிறாள், எதற்கு என்பதை நான் சொல்லிவிட்டால் என்னை அடிப்பீர்கள். 'ரன் லோலா ரன்' 80 நிமிஷம், இருபது நிமிஷத்துக்குள் ஒரு லட்சம் மார்க் புரட்ட வேண்டிய பெண் பெர்லின் தெருக்களில் ஓடுவது, மூன்று விதமாக. 'ஹை நூன்' 85, பன்னிரண்டு மணி ரயிலில் வில்லன் வருகிறான், சுவர்க் கடிகாரத்தைக் காட்டிக் காட்டியே வயிற்றைக் கலக்குவார்கள். 'ஆஃப்டர் ஹவர்ஸ்' 97 நிமிஷம், அதை சனிக்கிழமைக்கு வையுங்கள். டாக்ஸி ஜன்னல் வழியாக இருபது டாலர் நோட்டு பறந்துவிட, பாதாள ரயிலில் வீடு திரும்பலாம் என்று போகிறவனிடம், நள்ளிரவோடு கட்டணம் ஒன்றரை டாலராக ஏறிவிட்டது என்று கவுன்ட்டரில் சொல்வார்கள். கையில் இருப்பது 97 காசு. மறுநாள் விடியும்வரை அவன் வீடு போய்ச் சேர முடியாது, நீங்களாவது பன்னிரண்டரைக்குள் படுத்துவிடலாம்.